பதினாலாம் நம்பர் வீட்டுச் சுவர்

'மாப்பிள்ளை, கொஞ்சம் சிரிங்க' என்று பத்து வருடம் கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்தவள் அவள். ஆற்றங்கரைக் குடிசைகளை இடித்து, அங்கிருந்தவர்களை அரசாங்கம் புதுக் குடியிருப்புக்கு அனுப்பியபோது அதைப் படமெடுக்கப் போனாள். அதன்பிறகு கல்யாணங்களுக்குத் திரும்பவில்லை. தெருவில் அவளுக்குக் கேமராக்காரி என்றே பேராகிவிட்டது.

அவளுடைய நாற்பது நிமிட ஆவணப்படத்தில் ஒரு காட்சி ஊரையே பேசவைத்தது. புதுக் குடியிருப்பின் பதினாலாம் நம்பர் வீட்டுத் தையல்காரம்மா கரண்டிக் காம்பால் உள்சுவரைச் சுரண்டுவார். பூச்சு மாவாக உதிரும். கட்டிய ஒப்பந்தக்காரர் அமைச்சரின் மைத்துனர். விடுவாரா? சுவரில் தண்ணீர் ஊற்றி ஊறவைத்து எடுத்த பொய்ப்படம் என்று வழக்குப் போட்டார். படத்துக்குத் தடை வந்தது. போலீஸ் அவளுடைய கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு போனது.

இரண்டாவது விசாரணையில் நீதிபதி, "அடுத்த வியாழக்கிழமை நானே வந்து பார்க்கிறேன்" என்றார். போன உயிர் திரும்பியதுபோல் இருந்தது அவளுக்கு. அது இரண்டு நாள்கூட நிலைக்கவில்லை. ஒப்பந்தக்காரரின் ஆட்கள் லாரியில் சிமெண்டோடு வந்து வீடுவீடாகப் புதுப்பூச்சு பூசுவதாகச் செய்தி வந்தது. தையல்காரம்மாவுக்குப் போன் போட்டாள், அணைந்து கிடந்தது. நேரில் போய்க் கூப்பிட்டாள், கதவு திறக்கவில்லை.

"அவங்களையும் வளைச்சுட்டாங்களோ?" என்று கணவரிடம் புலம்பினாள்.

அவர் கணக்கு வாத்தியார். "வளைஞ்சாலும் தப்பு சொல்ல முடியுமா? நீ எடுத்துட்டு வந்துட்ட. அவங்க அங்கேயேதானே குடியிருக்கணும்?"

சுருக்கென்று தைத்தது. அந்த அம்மாவின் முகத்தையாவது படத்தில் மறைத்திருக்கலாமே என்று அப்போதுதான் தோன்றியது.

வியாழக்கிழமை நீதிபதியின் பின்னால் நடந்தாள். வரிசை வீடுகளெல்லாம் புது மெருகில் பளபளத்தன. பதினாலாம் நம்பருக்குள் மட்டும் பழைய சுவர் அப்படியே தெரிந்தது. வாசலில் தையல்காரம்மா.

"இந்த வீட்டுக்குள்ள மட்டும் ஏன் பூசலை?" என்றார் நீதிபதி.

"நான்தான் விடலைங்க ஐயா. அஞ்சு நாளா தையல் மெஷினைக் கதவுக்கு முட்டுக் கொடுத்து உள்ளேயே கிடந்தேன். குடி வந்த நாலு வருஷமா உதிர்ற சுவர்மேல இப்ப என்ன திடீர்ப் பாசம்?"

நீதிபதி உள்ளே போய், சாவியால் சுவரை லேசாகக் கீறினார். பூச்சு பொலபொலவென்று அவர் ஷூமேல் கொட்டியது.

"மழை ஈரம், ஐயா..." என்று இழுத்தார் ஒப்பந்தக்காரரின் வக்கீல்.

"மழை பெஞ்சு மூணு மாசம் ஆச்சு" என்றார் கூட வந்த கோர்ட் கிளார்க், யாரும் கேட்காமலே. நீதிபதியே சிரித்துவிட்டார்.

எல்லோரும் போனபிறகு கேமராக்காரி தயங்கி நின்றாள். "உங்களைச் சந்தேகப்பட்டுட்டேன்மா."

"மிரட்டல் போனா வந்துச்சு, அணைச்சு வச்சுட்டேன். நீ வாசல்ல கூப்பிட்டது கேட்டுச்சு. ஜன்னல்ல பார்த்தா, உன் பின்னாடி அவன் ஆளுங்க ரெண்டு பேர். திறந்திருந்தா உன்னையும் தள்ளிக்கிட்டு நுழைஞ்சிருப்பானுங்க. உட்காரு, முகமெல்லாம் வெளுத்துக் கிடக்கு. தண்ணி குடி."

குடித்தாள். கண்ணில் நீர் முட்டியது.

அடுத்த வாரம் தடை நீங்கியது. எல்லா வீட்டுச் சுவர்களையும் பொறியாளர்களை வைத்துச் சோதிக்க உத்தரவும் வந்தது. அமைச்சர் என்னவோ அமைச்சராகவேதான் இருந்தார். தீர்ப்பைக் கேட்டுவிட்டு பஸ்ஸில் ஏறியவள், பல நாள் தூக்கத்தையும் சேர்த்துத் தூங்கிப்போனாள். இறங்கவேண்டிய இடம் தாண்டி நாலு நிறுத்தம் போனபிறகுதான் கண்டக்டர் எழுப்பினார். அத்தனை தூரமும் திரும்பி நடந்தே வந்தாள். கால் வலிக்கவே இல்லை.