விசில் கேட்காத இசையமைப்பாளர்

போன செவ்வாய்க்கிழமை, ஒரு விசில் சத்தத்தால் பெரிய இசையமைப்பாளர் ஒருவர் கையில் இருந்த படத்தை இழக்கவிருந்தார்.

துபாய் அல் கூஸில், கிடங்குகளுக்கு நடுவே இருக்கிறது எங்கள் ரெக்கார்டிங் ஸ்டுடியோ. நான் அங்கே சவுண்ட் இன்ஜினீயர். அந்த இசையமைப்பாளர் கிரேக்க நாட்டுக்காரர். பெயர் வேண்டாம், நடந்ததை எழுதிக்கொள் என்று அவரே சொல்லிவிட்டார். எனக்குத்தான் பட்டியல் போடாமல் இருக்க முடியாதே... முதலில் நாடகங்களுக்குப் பியானோ, அப்புறம் டிவி தொடர்கள், அதன் பிறகு முப்பது வருடம் சினிமா. இப்போது ஒரு தமிழ்ப் படம்.

வயலின் டேக் முடிந்தது. அவர் திருப்தியாகக் கட்டை விரலை உயர்த்தினார். எனக்கோ ஹெட்போனில் மெல்லிய விசில். நான் வாயைத் திறப்பதற்குள் ஏசி மெக்கானிக் முருகேசன் — சிவகங்கைக்காரர் — ஏணியோடு உள்ளே வந்துவிட்டார்.

“மேடம், டக்ட்டு விசிலடிக்குது. காது கூசுது!”

ஆங்கிலத்தில் சொன்னேன். “எந்த விசில்?” என்றார் இசையமைப்பாளர்.

அறையில் எல்லோருக்கும் கேட்டது. அவருக்கு மட்டும் கேட்கவில்லை.

அவர் மழுப்பவில்லை. “ஏழு வருடமாக, உச்ச ஸ்தாயிச் சத்தங்கள் எனக்குக் கேட்பதில்லை. மனதுக்குள் கேட்டுத்தான் எழுதுகிறேன்” என்றார்.

கூடவே இருந்த படத்தின் இயக்குநர் என்னை ஏணிப் பக்கம் தள்ளிக்கொண்டு போனார். “என்னம்மா இது? சென்னைலேர்ந்து வேற ஆளை வரச் சொல்லிடவா?”

“சார், இதுவரைக்கும் பதினோரு பீஸ் எடுத்திருக்கோம். எதையாவது மாத்தணும்னு தோணுச்சா?”

யோசித்தார். “இல்ல... ஏர்போர்ட் சீனுக்கு நானே அழுதுட்டேனே.”

“அப்போ மியூசிக்கை அவர் பாத்துக்கட்டும். விசிலை நாங்க பாத்துக்கறோம்.”

“நாங்கன்னா? யார் யாரு?”

ஏணி மேலிருந்து பதில் வந்தது. “நானுந்தான் சார்! பத்து நிமிஷம்... கலாஸ், வேலை முடிஞ்சுது!”

இயக்குநர் சிரித்துவிட்டார். வேறு ஆள் பேச்சு அதோடு முடிந்தது.

பயோடேட்டாவில் நமக்குத் தெரிந்ததை எல்லாம் வரிசையாக எழுதுகிறோம். தெரியாததற்கு யாரிடம் போய் நிற்போம் என்று ஒரு வரியாவது எழுதுகிறோமா? என்னுடையதில் இல்லை. தேடிப் பார்த்தேன்.

டக்ட்டைச் சரிசெய்த பிறகு அடுத்த டேக் முடிந்தது. இந்த முறை அவர் விரல் உயரவில்லை. என்னைப் பார்த்தார். நான் முருகேசனைப் பார்த்தேன். முருகேசன் காதைத் தீட்டிக்கொண்டு நின்றார்... விசில் இல்லை என்று தலையாட்டினார். நான் கட்டை விரலை உயர்த்தினேன். அதற்குப் பிறகுதான் அவர்.

படத்தில் ‘இசை’ என்று ஒரே ஒரு பெயர்தான் வரும். எத்தனை காதுகள் என்று போட மாட்டார்கள்!