அந்த முதுகு என்னுது இல்லைங்க

போன ஞாயிற்றுக்கிழமை மகளின் காட்டன் சட்டைக்குத் தண்ணீர் தெளித்து இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தேன். அவள் சேலத்தில் சினிமா சம்பந்தமாக ஏதோ படிக்கிறாள். என்ன படிப்பு என்று கேட்டால் ஒரு மணி நேரம் விளக்குவாள், அதனால் கேட்பதில்லை. போனை என் மூக்குக்கு நேரே நீட்டி, "அம்மா, இந்தப் படத்தோட கடைசி ரெண்டு நிமிசத்தப் பத்தி எழுதணும். நம்ம ஏற்காட்டுலதான் எடுத்திருக்காங்க. இந்த நடிகரோட முதுகே நடிக்குதுன்னு எங்க மிஸ் சொல்றாங்க" என்றாள். பார்த்தேன். நீலக் கட்டம் போட்ட சட்டை, மங்கி குல்லா, பனிக்குள் நடந்து போகிற ஒரு ஆள். எனக்கு வந்த சிரிப்பில் இஸ்திரிப் பெட்டியைத் துணி மேலேயே வைத்துவிட்டேன். சட்டையின் முதுகில் இப்போது பழுப்பாக ஒரு முக்கோணம் இருக்கிறது. இத்தனை வருடம் டைலராக இருந்தவள் செய்கிற வேலையா அது!

ஈரக் காட்டன் சூட்டில் வேகிற வாசம் இருக்கிறதே, அது என்னை எப்போதும் ஒரே இடத்துக்குத்தான் இழுத்துப் போகும். ஏற்காடு கடைவீதியில் எங்கள் அத்தா, அதாவது அப்பா, வைத்திருந்த தையல் கடை. அத்தா ஆண்களுக்குத் தைப்பார், நான் பெண்களுக்கு. அத்தாவுக்குக் கண் மங்கியதும் இரண்டும் என் தலையில் விழுந்தன. வயது இருபத்தாறு, வாய்க்கு மட்டும் நாற்பது. மழைக்காலத்தில் எங்கள் ஊரில் துவைத்த துணி ஒரு வாரமானாலும் காயாது. பாதி ஊர் ஈரத்துணியோடு வந்து "கொஞ்சம் தேச்சுக் குடுங்க" என்று நிற்கும்.

அப்படி ஒரு மழை நாளில் கடைக்குள் வந்தவரைப் பார்த்ததும் எழுந்து நிற்பதற்குப் பதில் சிரித்துவிட்டேன். மரியாதைக் குறைவுதான். ஆனால் அவரைப் பார்த்துச் சிரிக்காதவர் அன்றைக்கு யார் இருந்தார்கள்? திருவிழா மேடைகளில் பலகுரலில் பேச ஆரம்பித்து, நாடகம், டிவி என்று ஏறி வந்து, சினிமாவில் வழுக்கி விழுந்தே பேர் வாங்கியவர். தொப்பி நிற்காத கான்ஸ்டபிள், கல்யாணத் தரகர், பாடையில் படுத்துத் தும்முகிற பிணம் என்று அவர் போடாத வேஷமில்லை. நாங்கள் அவரை 'சார்' என்றே கூப்பிட்டோம், இங்கேயும் அப்படியே இருக்கட்டும்.

"சிரிச்சு முடிச்சுட்டீங்களா, டைலரம்மா? ஒரு சட்டை தைக்கணும்" என்றார்.

சொந்தமாக ஒரு படம் எடுக்கிறாராம். ஆளென்று பார்த்தால் அவரும், காமிரா வைத்திருந்த ஒரு நண்பரும்தான். கதை ஒரே நாளில் நடக்கிறது. விடுதிப் பள்ளியில் படிக்கிற மகளைப் பார்க்க ஒரு அப்பன் அடிவாரத்திலிருந்து முதல் பஸ்ஸில் ஏறி வருகிறான். இன்றைக்குப் பார்க்கிற நாள் இல்லை என்று கேட்டிலேயே சொல்லிவிடுகிறார்கள். பகலெல்லாம் ஏற்காட்டைச் சுற்றிவிட்டுப் பார்க்காமலே திரும்பிப் போகிறான். அவ்வளவுதான்.

"இதுல எங்க சார் விழுவீங்க?" என்று கேட்டுவிட்டேன். என் வாயைத் தைக்க எந்த ஊசியும் இல்லை.

அவர் சிரிக்கவில்லை. "எல்லாரும் அதுக்குத்தாங்க காத்துட்டிருக்காங்க. ஒரே ஒரு தடவை, நான் விழாம நடந்து போறத ஜனங்க பாக்கணும். அதுக்குத்தான் இந்தப் படம்." அந்த நிமிடமே அது என் படமும் ஆகிவிட்டது.

ஆனால் பெரிய தப்பையும் அன்றைக்கே செய்தோம். சினிமாவில் ஒரே மாதிரி இரண்டு மூன்று சட்டை தைத்து வைப்பார்களாம். "ஒரு நாள் கதைக்கு ஒரு சட்டை போதாதா?" என்றார் சார். "தாராளமா" என்றேன் நான், எல்லாம் தெரிந்தவள் மாதிரி. அந்த ஒரு நாளை எடுத்து முடிக்க மூன்று வருடம் ஆனது.

கையில் காசு தீர்ந்ததும் சார் மலையிறங்கி காமெடி நடிக்கப் போய்விடுவார். திரும்பி வரும்போது வேறு ஆளாக வருவார். ஒரு தடவை சாமியார் வேஷத்துக்கு மொட்டை அடித்துக்கொண்டு வந்தார். தலையில் கை வைத்து உட்கார்ந்தவருக்கு என் சித்தப்பா தன் கடையிலிருந்து ஒரு மங்கி குல்லாவைக் கொண்டுவந்து மாட்டிவிட்டார். கதையில் பத்து மணிக்கே அப்பனுக்குக் குளிர் வந்துவிட்டது! ஏற்காட்டில் குல்லா போட்டவனை ஏன் என்று யார் கேட்பார்கள்? இன்னொரு வருடம் அவர் நடிக்கப் போன படங்களில் வரிசையாகப் பந்திக் காட்சிகள். ஒவ்வொரு டேக்குக்கும் நிஜமாகவே சாப்பிட்டிருக்கிறார் மனுஷன். சட்டையின் தையலுக்கு உள்ளே விட்டிருந்த துணியைப் பிரித்துப் பிரித்துத் தைத்தேன். ஆறாவது தடவைக்குப் பிறகு பிரிக்க ஒரு நூல் அகலம்கூட இல்லை. "இனி வாயத்தான் சார் கட்டணும்" என்றேன்.

சட்டையின் மார்பில் ஒரு டீக்கறையும் உண்டு. பஸ்ஸில் சிந்தினதாகக் கதை. சட்டையைத் துவைக்கிற ஒவ்வொரு தடவையும் அதே இடத்தில், அதே அளவில் டீயை ஊற்றி நானே கறை வைப்பேன். மகாராணிக்கு மருதாணி வைக்கிற கவனம் அதில் இருக்கும்.

கடைசிக் காட்சி மட்டும் பாக்கி இருந்தது. சாயங்காலம் மறுபடி ஒரு தடவை வந்து நின்றுவிட்டு, பள்ளிக் கேட்டிலிருந்து அவன் திரும்பி நடந்து போக வேண்டும். காமிரா நண்பருக்குத் துபாயில் வேலை கிடைத்து, ஞாயிற்றுக்கிழமை எடுத்தால்தான் உண்டு, திங்கட்கிழமை அவர் பறந்துவிடுவார் என்று ஆனது. ஞாயிறு காலை அலமாரியைத் திறந்தேன். சட்டையைக் காணோம்.

அம்மாவைக் கேட்டேன். "கறை புடிச்சுக் கெடந்துதே, அந்தக் கட்டம் போட்டதா? நம்ம கிளியூர் ஆரோக்கியசாமி சம்சாரம் வந்துச்சு, குடுத்துட்டேன் கண்ணு. புண்ணியம்" என்றார் அம்மா, முகமெல்லாம் மலர. செருப்பைக்கூட மாட்டாமல் சர்ச்சுக்கு ஓடினேன்.

பூசை முடிந்து ஆட்கள் வெளியே வந்துகொண்டிருந்தார்கள். எஸ்டேட்டில் காப்பி மூட்டை சுமக்கிற ஆரோக்கியசாமி, எங்கள் சட்டையைப் பளபளவென்று போட்டுக்கொண்டு மாப்பிள்ளை மாதிரி படியிறங்கினார். மார்பில் கறை இல்லை.

"கறை நொம்ப அழுத்தமுங்க. சோடா உப்புப் போட்டு மூணு தடவ வேகவெச்சுத்தான் எடுத்தேனுங்க" என்றார் பெருமையாக.

விஷயத்தைச் சொன்னதும் பதறிப்போய் அங்கேயே பட்டனைக் கழற்றப் போனார். கடைக்குக் கூட்டிவந்து சாருக்குப் போட்டுப் பார்த்தோம். வேகவைத்ததில் சட்டை ஒரு சைஸ் சுருங்கியிருந்தது. சாரின் தொப்பைக்கும் பட்டனுக்கும் ஒரு சாண் இடைவெளி. அவர் அப்படியே ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். "போச்சுங்க. மூணு வருசம் போச்சு" என்றார். அவர் கண் கலங்கி நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். எனக்கும் அழுகை வந்துவிட்டது.

ஆரோக்கியசாமி ஒன்றும் புரியாமல் சட்டையை வாங்கி மறுபடி மாட்டிக்கொண்டு திரும்பினார். பின்னாலிருந்து பார்த்தேன். மூன்று வருடத்துக்கு முந்தைய சார், அச்சு அசல்!

"சார், முதுகுதானே?" என்று கத்தினேன்.

ஆரோக்கியசாமிக்குக் குல்லாவை மாட்டி, கேட்டுக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தினோம். மலை மேலிருந்து பனி இறங்கத் தொடங்கியிருந்தது.

"உங்க பொண்ணப் பாக்காம திரும்பிப் போறீங்க. மெதுவா நடங்க, போதும்" என்றார் சார்.

"ஒரு தடவையாச்சும் திரும்பிப் பாப்பேனுங்களே?"

"ஐயோ, திரும்பவே கூடாதுங்க! மூஞ்சி தெரிஞ்சுரும்!"

தலையாட்டிவிட்டு நடந்தார். பத்தடி போனதும் அவர் கழுத்து திரும்பப் பார்த்தது. போச்சுடா என்று நான் வாயைப் பொத்திக்கொண்டேன். கழுத்து பாதியில் நின்றது, தோள் லேசாக ஏறி இறங்கியது, அப்படியே நடந்து பனிக்குள் போய்விட்டார். கட் சொல்லச் சார் மறந்துவிட்டார். "தப்பாயிருச்சுங்களா?" என்று பனிக்குள்ளிருந்து குரல்தான் முதலில் வந்தது. சார் ஓடிப்போய் அவரைக் கட்டிக்கொண்டார். "சட்டை உங்களுதுதாங்க" என்றார்.

சேலத்தில் ஒரு சின்ன ஹாலில் படம் போட்டார்கள். ஜனங்கள் சிரிக்கத் தயாராக வந்து உட்கார்ந்திருந்தார்கள். அப்பன் ஒரே நாளில் காலையில் ஒல்லி, மதியம் குண்டு, சாயங்காலம் மறுபடி ஒல்லி. ஒருத்தர்கூடக் கண்டுபிடிக்கவில்லை. அந்த நடை வந்தபோது ஹாலில் ஒரு இருமல் இல்லை. பிறகு மேடையேறிய ஒரு பெரியவர், "இத்தனை வருசம் முகத்தைக் காட்டிச் சிரிக்க வெச்சவர், இன்னைக்கு முதுகைக் காட்டி அழ வெச்சுட்டார்" என்றார். சார் மைக்கைப் பிடித்தார். "அந்த முதுகு என்னுது இல்லைங்க. கிளியூர் ஆரோக்கியசாமியுது. அதோ, ரெண்டாவது வரிசையில உக்காந்திருக்காருங்க."

ஹால் இடிந்து விழுகிற மாதிரி சிரிப்பு. "சத்தியமாங்க!" என்றார். இன்னும் சிரித்தார்கள். அவர் சட்டை சுருங்கின கதையைச் சொல்லச் சொல்ல வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். எல்லாரையும்விட ஆரோக்கியசாமிதான் அதிகம் சிரித்தார். இறங்கி வந்த சார் என் காதில், "நான் வாங்கினதுலயே பெரிய சிரிப்பு இதுதாங்க, டைலரம்மா. உண்மையச் சொல்லி வாங்கினேன்" என்றார்.

இதையெல்லாம் மகளிடம் சொன்னேன். அவள் மிஸ்ஸுக்கு அனுப்பினாள். 'உங்க அம்மா செம காமெடி' என்று பதில் வந்தது.

கடை இருந்த இடத்தில் இப்போது ஹோம்மேட் சாக்லேட் விற்கிறார்கள். அத்தா இல்லை. சார் சீரியலில் தாத்தாவாக வந்து, இந்த வயதிலும் விழுகிறார். பெருநாளுக்குத் தவறாமல் போன் செய்வார். ஆரோக்கியசாமி போய் ஒரு வருடம் ஆகிறது. அவருடைய வருடப் பூசைக்கு மூத்த மகள் திண்டுக்கல் பக்கத்து மடத்திலிருந்து வந்திருந்தார். கன்னியாஸ்திரியாகி முப்பது வருடம் ஆகிவிட்டது. நேற்று எங்களைப் பார்க்க வீட்டுக்கு வந்தார். படத்தில் அப்பா நடந்ததைக் கேள்விப்பட்டிருக்கிறார், பார்த்ததில்லையாம். போனில் போட்டுக் காட்டினோம்.

சிஸ்டர் சிரிக்கவில்லை. அந்தக் கழுத்து பாதியில் நிற்கிற இடத்துக்குத் திரும்பத் திரும்பப் போனார்.

"எங்கப்பாதானுங்க. மடத்துல வருசத்துக்கு ஒரு நாள்தான் பாக்க உடுவாங்க. ஒவ்வொரு தடவையும் இப்படித்தான் போவாருங்க, பாதி திரும்பி, முழுசாத் திரும்பாமயே. திரும்புனா நான் அழுதுருவேன்னு. நான் மாடி ஜன்னல்ல நின்னு பாத்துட்டேதான் இருப்பேனுங்க" என்றார்.

அந்தச் சட்டை எங்கே என்று கேட்டேன்.

"கடைசியா அதப் போட்டுத்தானுங்க அனுப்பி வெச்சோம். நொம்ப ஆசையா வெச்சிருந்தாரு."

ஒரே சட்டைதான் தைத்தேன். இன்னொன்றும் தைத்து வைத்திருக்கலாம்.