பனி விழுந்தால் சொல்ல வேண்டிய கதை

என் மைத்துனர் கனடாவிலிருந்து அனுப்பிய படப் புத்தகம் அது. அங்கே பூர்வகுடிகளான க்ரீ மக்களின் கதை. முயல் ஒன்று நிலாவுக்குப் போக ஆசைப்படுகிறது. எந்தப் பறவையும் தூக்கிப்போக மாட்டேன் என்கிறது; கடைசியில் ஒரு கொக்கு சம்மதிக்கிறது. முயல் அதன் காலைப் பிடித்துத் தொங்கிக்கொண்டே போக, கனம் தாங்காமல் கொக்கின் கால்கள் நீண்டுவிடுகின்றன.

என் மகளுக்கு அப்போது ஆறு வயது. ஆங்கிலத்தில் இருந்ததை நான் தமிழில் சொல்வேன். புனேவில், பள்ளியில் ஆங்கிலம், லிஃப்டில் இந்தி, வீட்டு வேலைக்கு வரும் மாவ்ஷியிடம் மராத்தி என்று வளர்ந்தவள். எங்கள் இருவருக்கும் நடுவில் தமிழ் என்று ஒன்று இருந்தது அந்தக் கதை நேரத்தில்தான்.

நாலைந்து முறை சொன்னதும் எனக்கு அலுத்துவிட்டது. வீடு இருந்த மகர்பட்டாவிலிருந்து, ஊருக்கு வெளியே ரஞ்சன்காவில் இருந்த தொழிற்சாலைக்குக் கம்பெனி பஸ்ஸில் போய்த் திரும்புவதற்குள் இடுப்பு கழன்றுவிடும். புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் ஒரு குறிப்பு இருந்தது. தரையில் பனி கிடக்கும் மாதங்களில் மட்டுமே அந்த மக்கள் இந்தக் கதைகளைச் சொல்வார்களாம். எனக்கு வசதியாகப் போயிற்று.

“பனி உழுந்தாத்தான் கண்ணு இதைச் சொல்லோணும். அது அவங்க வழக்கம்,” என்றேன்.

புனேவில் எங்கே பனி விழும்? பொய் சொல்லவில்லையே என்று என்னை நானே மெச்சிக்கொண்டேன். அவள் நம்பினாள். டிசம்பர் முழுக்க, எழுந்ததும் பால்கனிக்கு ஓடி எட்டிப் பார்ப்பாள்.

ஒரு மாலை நான் வீட்டுக்குள் நுழைந்ததுமே கையைப் பிடித்து இழுத்துப்போனாள். பால்கனித் தரை முழுக்க வெள்ளை. என் மனைவி கோயம்புத்தூரிலிருந்து தூக்கிவந்த கோலமாவு டப்பா காலியாக உருண்டு கிடந்தது. மகளின் தலைமுடியிலும் மாவு.

“அப்பா, பனி உழுந்துருச்சு,” என்று புத்தகத்தை நீட்டினாள்.

அன்று மேனேஜரிடம் எல்லோர் முன்னாலும் வாங்கிக் கட்டிக்கொண்டு வந்திருந்தேன். அந்த எரிச்சலை அவள்மேல் காட்டினேன். “அறிவிருக்குதா உனக்கு? மொதல்ல இதைக் கூட்டி அள்ளு!”

அவள் அழவில்லை. தன் உயரத்துக்கு இருந்த துடைப்பத்தை எடுத்துக் கூட்டினாள். நான் டீ குடித்துக்கொண்டே பார்த்துக்கொண்டிருந்தேன். இன்று நினைத்தாலும் என்மேலேயே எனக்கு அருவருப்பாக இருக்கிறது.

அதற்குப் பிறகு அவள் கதை கேட்கவே இல்லை. புத்தகம் பரணுக்குப் போனது. கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாள், அதிலும் பாதி இந்தி. என்றாவது சமயம் பார்த்து மன்னிப்புக் கேட்டுவிடலாம் என்று நான் தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்தேன்.

இந்த வருடம் கனடாவுக்குப் படிக்கப் போனாள். போன வாரம் ஒரு சாயங்காலம் அவளிடமிருந்து போனில் ஒரு படம் வந்தது. ஹாஸ்டல் ஜன்னலுக்கு வெளியே கண்ணுக்கு எட்டியவரை பனி. நான் ஸ்டூல் போட்டுப் பரணில் ஏறினேன். புத்தகத்தைத் தூசி தட்டி மடியில் வைத்துக்கொண்டு வீடியோ காலில் கூப்பிட்டேன்.

“பனி உழுந்துருச்சே கண்ணு. அந்தக் கதையச் சொல்லட்டுமா?”

“எந்தக் கதைப்பா?”

அட்டையைக் கேமராவுக்கு நேராகப் பிடித்தேன். கிட்டத்தில் வந்து பார்த்தாள்.

“க்யூட்டா இருக்குப்பா. யாருக்கு வாங்குனீங்க?”

உனக்குத்தான் என்று சொல்லாமல் புத்தகத்தை மடியில் இறக்கி வைத்தேன். அதற்குள் அவளுக்கு வகுப்புக்கு நேரமாகிவிட்டது.