மலையைக் கை காட்டிய மனு

எழுபதுகளில், திருவண்ணாமலைக்குப் பக்கத்தில் எங்கள் ஊர்ப் பஞ்சாயத்துத் தலைவர் தேர்தலுக்கு நின்றேன். மனுப் பரிசீலனையில் அதிகாரி, "புருஷன் பேர் என்னம்மா?" என்று கேட்டார். கட்டியவர் பெயரை நாங்கள் வாயால் சொல்வதில்லை. என் வீட்டுக்காரருக்கு மலையின் பெயர்தான் என்பதால் ஜன்னலில் தெரிந்த மலையைக் கை காட்டினேன். அந்த அதிகாரிக்கா புரியாது? பதில் சொல்லவில்லை என்று எழுதி மனுவைத் தள்ளிவிட்டார்.

முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டேன். வாய்தா மேல் வாய்தா. கடைசியில், பஞ்சாயத்தின் பதவிக்காலமே முடிந்துவிட்டதால் வழக்கு இனித் தேவையில்லை என்றார் நீதிபதி.

"பதவி வேணாங்க ஐயா. என் மனுவ தள்ளுனது சரியா தப்பா, அத மட்டும் சொல்லுங்க," என்றேன்.

"இனிமே அதுக்கு அவசியம் இல்லம்மா."

"எனக்கு இருக்குதுங்க."

அடுத்த வழக்கை அழைத்துவிட்டார்கள்.

எண்பதுகளில்தான் மறுபடி தேர்தல் வந்தது. வேறு அதிகாரி, அதே கேள்வி. "அண்ணாமலை," என்றேன், தெருவுக்கே கேட்கும்படி. வெளியே நின்றிருந்த என் வீட்டுக்காரர், "கூப்டியா?" என்று பதறிக்கொண்டு உள்ளே வந்தார்.

அந்தத் தேர்தலில் தோற்றேன். துக்கம் விசாரிக்க யாரும் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். இந்த முறை என் ஓட்டுகளை எண்ணிப் பார்த்த பிறகுதான் என்னைத் தோற்கடித்தார்கள்.