ஹெல்மெட் வீரனின் கடைசிப் பாகம்

பழைய வீடியோ கேசட்டை இணையத்தில் ஏற்றும் வேலைக்கு வருகிறவன் முதலில் வாங்க வேண்டியது ரத்தக் கொதிப்பு மாத்திரை. ஓமலூரில் கல்யாண கேசட்டுகளை மாற்றிக் கொடுப்பது என் பிழைப்பு. ரப்பர் பூதங்களை எட்டி உதைக்கும் ஜப்பான் ஹெல்மெட் வீரனின் பழைய தொடரைக் காப்பது என் வெறி. ஜப்பானியக் குரலில் அது எங்கும் கிடைக்கும். நம் பக்கத்துக் கேபிளில் ஓடிய தமிழ்க் குரல்தான் கேசட்டோடு மக்குகிறது. ஐம்பது பாகம் ஏற்றிவிட்டேன். கடைசிப் பாகம் மட்டும் இல்லை. இதே வேலையில் சீரழிகிறவர்களே, நீங்களாவது கேளுங்கள்.

சலவை

திருச்செங்கோட்டு அம்மா ஒருவர் பரணில் கிடந்த கேசட் ஒன்றைக் கொண்டுவந்தார். அட்டையில் என் வீரன் பெயர். திறந்தால் உள்ளே ஈரம். நாடா முழுக்க ஒட்டிக் கிடந்தது. தலையில் அடித்துக்கொண்டேன். அவர் சொன்னார்: "பூஞ்சை புடிச்சிருந்துச்சுங்க. ரெண்டு நாளா சோப்புப் பவுடர்ல ஊற வெச்சேன், மோந்து பாருங்க, வாசமா இருக்குது."

காதுகுத்து

மல்லசமுத்திரத்துத் தறிக்காரர் ஒருவர் கேசட்டில் 'கடைசி பாகம்' என்று எழுதியே வைத்திருந்தார். பஸ்ஸில் மடியைவிட்டு இறக்காமல் கொண்டுவந்தேன். வீரன் எகிறினான், பூதம் வாயைப் பிளந்தது, சட்டென்று நாதஸ்வரம். மொட்டைத் தலையோடு ஒரு குழந்தை வீறிட்டு அழுதது. போனில் அவரிடம் கத்தித் தீர்த்தேன். நிதானமாகப் பதில் வந்தது: "சண்டையில அவந்தான் ஜெயிப்பான்னு தெரிஞ்சதுதானுங்க. எம்புள்ளைக்கு இன்னொருக்கா காது குத்த முடியுங்களா?"

சேனல்

முகம் தெரியாத ஒருவன் என் ஐம்பது பாகங்களையும் சுருட்டி, வீரனின் நெற்றியில் தன் சேனல் பெயரை ஒட்டி ஏற்றியிருந்தான். பூஞ்சை துடைத்துத் துடைத்து என் நகம் கறுத்ததுதான் மிச்சம். நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி எழுதினேன். அவன் பதில்: "கோவிச்சுக்காதீங்க ப்ரோ, கடைசிப் பாகத்தைச் சீக்கிரம் ஏத்துங்க, என் சேனல்ல எல்லாரும் கேக்குறாங்க."

சோளக்காடு

கெங்கவல்லியில் அந்தக் காலத்தில் கேபிள் நடத்தியவருக்கு இப்போது விவசாயம். கடைசிப் பாகம் தன்னிடம் இருப்பதாகப் போனில் சொன்னார். இரண்டு பஸ் மாறி ஓடினேன். அவர் நேராகக் காட்டுக்குக் கூட்டிப்போனார். சோளத்தைச் சுற்றிக் குச்சி நட்டு, குச்சிக்குக் குச்சி கறுப்பு நாடா கட்டியிருந்தது. உருவிய காலிக் கேசட் வரப்பில் கிடந்தது, பெயரோடு. நாடாவைத் தொட்டேன், வெயிலில் பொடிந்து கையோடு வந்தது. வாய்க்கு வந்ததையெல்லாம் பேசிவிட்டேன், நடுவில் அழுகையும் வந்தது. அவருக்கு ஒன்றும் புரியவில்லை. "இருக்குன்னுதான சார் சொன்னேன். நல்ல டேப்பு, இந்த வருஷம் ஒரு கிளி உள்ள வரலை."

ஐம்பது வாரம் உலகத்தைக் காப்பாற்றியவன் கடைசி வாரம் அரை ஏக்கர் சோளத்தைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டான், அவனைக் காப்பாற்றத்தான் எனக்குத் துப்பில்லை.