ஹாரெக் பிரபுவின் கடைவாய்ப் பல்

ஐஸ்லாந்தில் செம்மறி மேய்த்த காலத்திலேயே அஸ்கிரிமுக்கு வாய் சும்மா இருக்காது. பக்கத்துப் பண்ணைக்காரனின் கோணல் மூக்கைப் பாட்டாகக் கட்டிப் பாடி உதை வாங்கியவன். நார்வேக்குப் போகச் சொல்லி விரட்டியது மனைவி ஸ்டெயின்வோர்தான்.

"இங்க பாடினா உதை. அங்க பிரபுக்களைப் பாடினா தங்கம். கிளம்புய்யா!"

கப்பலில் ஒரு மாலுமி, ஹாரெக் பிரபுவின் படை டேனியர்களைத் துவைத்து எடுத்த கதையைச் சொன்னான். போதாதா? குமட்டலை மறந்து பாட்டு கட்டினான் அஸ்கிரிம். பிரபு வாள் சுழற்றுகிறார், எதிரிப் பிணங்களில் கழுகுகள் விருந்து உண்கின்றன, எல்லாம் அமர்க்களம்.

பிரபுவின் கூடத்தில் எழுந்து நின்று முழங்கினான். இரண்டாம் செய்யுளிலேயே வீரர்கள் குனிந்து தட்டைப் பார்த்தார்கள்.

"அந்தச் சண்டைக்கு நான் போகவே இல்லையேடா," என்றார் ஹாரெக், மெதுவாக. "பல்வலி. வீட்ல கிடந்தேன்."

பாவி, அதை விசாரிக்காமல் வந்துவிட்டான். செய்யாததைச் செய்ததாக முகத்துக்கு நேரே பாடினால் அங்கே அது புகழ்ச்சி அல்ல, கேலி. தலை போகும். வாசலில் நின்ற காவலன் கோடரியைக் கையில் எடுத்துவிட்டான்.

"தப்புதான், பிரபு. பல்லு என்னாச்சுன்னு சொல்லுங்க. அதைப் பாடறேன். அப்புறம் வெட்டுங்க."

"கொல்லன் குறடு போட்டுப் புடுங்கினான்."

அஸ்கிரிம் கண்ணை மூடிக்கொண்டு பாடினான்:

"வாய்க்கோட்டைக்குள் கலகம் செய்தான் வலி;
இரும்பு அலகுப் பறவை அவனை வேரோடு கவ்வ,
முனகாது அமர்ந்தார் மலைபோல் ஹாரெக்…"

"நிறுத்து!" பிரபு எழுந்தார். "முனகலையா? ஊரே கேக்கக் கத்தினேன்! கொல்லன் விரலைக் கடிச்சும் வச்சேன். மறுபடி பொய்யா?"

அஸ்கிரிம் அவசரமாகக் கையை உயர்த்தினான். "இதோ மாத்திடறேன், பிரபு!

கரடிகள் குகைக்குள் ஒளியக் கத்தினார் ஹாரெக்;
கொல்லன் விரலில் பதிந்தன மிச்சப் பற்கள்."

சிரிக்க யாருக்கும் தைரியம் வரவில்லை. கடைசி வரிசையில் இருந்த கொல்லன்தான் எழுந்து, தழும்பேறிய விரலை உயர்த்திக் காட்டினான். "நெசம்தாங்க!"

கூடம் வெடித்துச் சிரித்தது. பிரபு வாயை அகலத் திறந்து, பல் போன ஓட்டையை மேசை மேசையாகக் காட்டிக்கொண்டு போனார். திரும்பி வந்தபோது அவர் கண் கலங்கியிருந்தது.

"பயந்துதான் வீட்ல படுத்துக்கிட்டேன்னு இத்தனை நாளா பேசிக்கிட்டானுங்கடா," என்றார் அஸ்கிரிமின் காதில். "இன்னொரு தடவை பாடு. சத்தமா."