மூன்றாவது வரிசையில் அம்மா

என் அம்மா டிவி ஷூட்டிங்குக்கு இரவல் புடவைகளோடுதான் போவாள். நடிக்கப் போனது என்னவோ நான். ஆனால் எனக்கு ஒரே ஒரு வெள்ளைக் கோட்டுதான், அதுவும் அவர்களே கொடுத்தது. கட்டைப்பை நிறையப் புடவை அம்மாவுக்கு.

எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. விருத்தாசலத்தில் செராமிக் தொழிற்பேட்டைக்குப் பின்னால் எங்கள் வீடு. அப்பா அங்கே ஒரு கம்பெனியில் பீங்கான் ஃப்யூஸ் கட்டைகளைச் சூளையில் அடுக்கும் வேலை பார்த்தார். நான் ஞாயிறு காலைப் பூசையில் பாட்டுக்குக் கீபோர்டு வாசிப்பேன். வாயும் எனக்குக் கொஞ்சம் நீளம். ஃபாதர் பிரசங்கம் செய்வது மாதிரி பேசிக் காட்டி அவரிடமே மாட்டிக்கொண்டு முழித்திருக்கிறேன். கிறிஸ்துமஸ் விழாவில் இந்த இரண்டையும் பார்த்த யாரோ போய்ச் சொல்ல, சென்னையில் ஒரு குழந்தைகள் சேனலிலிருந்து கூப்பிட்டார்கள்.

நிகழ்ச்சியில் நான் பாட்டு டாக்டர். பிள்ளைகள் ஒவ்வொருவராக வந்து, "டாக்டர், எனக்குக் கணக்கு நோட்டைத் தொட்டா காய்ச்சல் வருது" என்பார்கள். நான் ஸ்டெதாஸ்கோப்பை வைத்துப் பார்த்து, நாக்கை நீட்டச் சொல்லி, முகத்தைச் சுளித்து, கடைசியில் கீபோர்டில் ஒரு பாட்டு வாசித்துப் பாடுவேன். காய்ச்சல் பறந்துவிடும். டாக்டராம் டாக்டர்! இப்போது நினைத்தால் பற்றிக்கொண்டு வருகிறது.

ஒரு நாள் போனால் பல வாரத்துக்கு வேண்டியதை எடுத்துவிடுவார்கள். எடுத்ததை ஞாயிறு சாயங்காலம் ஒவ்வொன்றாகப் போடுவார்கள். எதிரே உட்கார்ந்து கைதட்ட ஏதாவது பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் வருவார்கள். அவர்கள் போதவில்லை என்றால், நடிக்க வந்த பிள்ளைகளின் அம்மாக்களையும் உட்கார வைப்பார்கள். முதல் தடவை போனபோதே அங்கே ஓடியாடி வேலை பார்த்த ஒரு அண்ணன் அம்மாவிடம் சொல்லிவிட்டார்.

"நீங்க மூணாவது வரிசைம்மா. நல்லா சிரிக்கணும், கைதட்டணும். ஒவ்வொரு எபிசோடுக்கும் புடவைய மாத்திக்கங்க. ஒரே நாள்ல எடுத்தது தெரியக் கூடாது."

அத்தனை நல்ல புடவைக்கு அம்மா எங்கே போவாள்? பக்கத்து வீட்டு அக்காதான் பீரோவைத் திறந்துவிட்டார். "வேணுங்கறத எடுத்துக்கிட்டுப் போ. நான்தான் போவல, என் புடவையாவது டிவில வரட்டும்." நிகழ்ச்சி வரும்போது அந்த அக்கா என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார். "தோ பாரு, தோ பாரு, என் கிளிப்பச்சை! ஐயோ, அதுக்குள்ள கேமராவத் திருப்பிட்டான் பாவி" என்று கத்துவார்.

அப்பாவுக்கு இதெல்லாம் அடியோடு பிடிக்காது. "வேப்பூர் போயி, அங்க பஸ்ஸு மாறி, மெட்ராசு வரைக்கும் நின்னுக்கிட்டே போவணும். இன்னாத்துக்கு இந்த அலைச்சல்?" என்பார். நிகழ்ச்சி வரும் நேரம் பார்த்து டீ குடிக்க வெளியே கிளம்பிவிடுவார். அம்மா விடுவாளா? "ஊரே உங்க பொண்ணுகிட்ட வைத்தியம் பாக்குது, நீங்க மட்டும் டீக்கடைக்கு ஓடுங்க" என்று முதுகுக்குப் பின்னால் சத்தம் போடுவாள்.

அவள் என்னோடு கடைசியாக வந்த ஷூட்டிங் முடிந்த அதே வாரம் இறந்துபோனாள். காலையில் துணிக்குச் சோப்புப் போட்டுக்கொண்டிருந்தவள் தலையைப் பிடித்துக்கொண்டு அப்படியே சாய்ந்துவிட்டாள். தலைக்குள் ரத்தக்குழாய் வெடித்துவிட்டது என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். அடக்கம் முடிந்து, வந்த சொந்தக்காரர்களும் போய்விட்டார்கள். வீட்டில் நானும் அப்பாவும்தான்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பக்கத்து வீட்டு அக்கா ஓடி வந்து வாசலில் நின்றார். மூச்சு வாங்கியது.

"அண்ணே, டிவியப் போடுங்கண்ணே. அவ இருக்கா."

எனக்கு உடனே புரிந்துவிட்டது. போய் டிவியைப் போட்டேன். அம்மா கிளிப்பச்சைப் புடவையில் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து கைதட்டிக்கொண்டிருந்தாள். படுத்திருந்த அப்பா எழுந்து உட்கார்ந்தார். வாசலில் நின்ற அக்கா, எப்போதும் புடவையைப் பார்த்துக் கத்துகிறவர், முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதார்.

நிகழ்ச்சி முடிந்து விளம்பரம் வந்த பிறகும் அப்பா டிவியை அணைக்க விடவில்லை.

"திரும்பப் போடுவாங்களா பாப்பா?"

"இல்லப்பா. அடுத்த வாரம் வேற வரும்."

"அதுல இருக்குதா அம்மா?"

"இருக்குதுப்பா."

அதற்குப் பிறகு அப்பா ஒரு ஞாயிறுகூடத் தவறவிடவில்லை. கெஞ்சிக் கூத்தாடி ஷிப்டை மாற்றிக்கொண்டார். சாயங்காலம் ஆனால் குளித்துவிட்டு, பூசைக்குப் போடும் சட்டையைப் போட்டுக்கொண்டு டிவி முன்னால் வந்து உட்கார்ந்துவிடுவார். போனில் டிவியையே படம் பிடித்துப் பார்த்தோம், கோடு கோடாக ஓடியதே தவிர முகம் தெரியவில்லை. தெருப் பசங்கள், "செத்தவங்க டிவில வர்றாங்களாம்டா" என்று ஜன்னலில் வந்து தொங்கினார்கள். செருப்பை எடுத்துக்கொண்டு ஓடினேன். ஒருத்தன் கையில் சிக்கியிருந்தால் அன்றைக்குத் தெரிந்திருக்கும்.

எனக்கு இன்னொரு கோபமும் இருந்தது. அந்த டிவியில் நானும்தானே இருந்தேன்? அரை மணி நேரம் பாடி, வாசித்து, குட்டிக்கரணம் போட்டது நான். அம்மா வருவது கண் சிமிட்டும் நேரம். அப்பா என் தலைக்குப் பின்னால் ஏதாவது தெரிகிறதா என்று எட்டி எட்டிப் பார்த்தார். நானும் தாயில்லாப் பிள்ளைதான் என்பது அவருக்கு மறந்தே போயிற்று என்று நினைத்து ராத்திரியில் அழுவேன்.

அன்றைக்கு எடுத்ததில் கடைசி நிகழ்ச்சிக்கு முந்திய வாரம் அவரிடம் சொன்னேன். "அப்பா, அடுத்த வாரம் அம்மா வராது. அதை எடுக்கறப்ப அம்மா தலைவலிக்குதுன்னு எழுந்து போயிடுச்சு."

"நீ பாட்டுக்கு வாசிச்சிக்கிட்டு இருந்திருப்ப. உனக்கு எங்க தெரியும்? எங்கனா ஓரமா உக்காந்திருப்பா."

"இல்லப்பா, நெஜமா."

"இருப்பாடி" என்றார்.

அந்த ஞாயிறு அவர் நாற்காலியை விட்டு இறங்கி டிவிக்குக் கிட்டே போய்த் தரையில் உட்கார்ந்துகொண்டார். மூன்றாவது வரிசையில் அம்மாவின் இடத்தில் ஒரு மீசைக்காரர் இருந்தார்.

"இவன் யாரு?"

"வாட்ச்மேன்பா. ஆள் கொறையுதுன்னு உக்கார வச்சாங்க."

அப்பா விரலை வைத்து வரிசை வரிசையாகத் தேடினார். பாதி நிகழ்ச்சி போய்விட்டது. பிறகு விரலை எடுத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"பசங்க எல்லாம் இந்தப் பக்கம் இருக்குது. நீ ஏன் அந்தப் பக்கமே பாத்து சிரிக்கிற?"

"அம்மா அங்கதாம்பா நின்னுது. கேமராவுக்குப் பின்னாடி, ஃபேன் பக்கத்துல."

அப்பா, "கைதட்டினாளா?" என்றார்.

"ஒரு கையால தலையப் புடிச்சிக்கிட்டிருந்துது. இன்னொரு கையால தொடையில தட்டுச்சு."

அதற்குப் பிறகு அவர் மூன்றாவது வரிசையைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தார். டிவியில் நான் அந்தப் பக்கம் திரும்பிச் சிரித்தபோதெல்லாம் அவருக்குத் தோள் குலுங்கியது. நான் போய் ஒட்டி உட்கார்ந்துகொண்டேன். வாசிக்கும்போது என் விரலைக் காட்டி, "எம்மாம் வேகமா போவுது பாரு" என்று என்னிடமே சொன்னார்.

இரண்டு நாள் கழித்துச் சேனலிலிருந்து போன் வந்தது. அடுத்த ஷூட்டிங் வைத்திருக்கிறார்களாம். அம்மாவைப் புடவை மாற்றச் சொன்ன அந்த அண்ணன்தான் பேசினார். அம்மா இறந்ததைக் கேட்டு ரொம்ப வருத்தப்பட்டார். "கஷ்டம்னா வேணாம் பாப்பா, வேற பொண்ணப் பாத்துக்கறோம்" என்றார். பேசியது அப்பாவுக்கும் கேட்டது.

"வரோம்னு சொல்லு" என்றார் அப்பா. "அவ ஆசப்பட்டது. விட்டுடக் கூடாது. அந்த ஃபேன் பக்கத்துல நான் நிக்கிறேன், நீ என்னப் பாத்துச் சிரி."

விடியற்காலையில் கிளம்பி வேப்பூரில் பஸ் மாறினோம். அப்பா எனக்கு ஜன்னலோரம் இடம் பிடித்துக் கொடுத்துவிட்டு வழியெல்லாம் நின்றுகொண்டே வந்தார். ஸ்டூடியோவுக்குள் நுழைந்ததும் அவர் கேட்ட முதல் கேள்வி, "எது அந்த ஃபேனு?" காட்டினேன். போய் நின்றுகொண்டார்.

கோட்டை மாட்டிக்கொண்டு கீபோர்டு முன்னால் உட்கார்ந்தேன். முதல் பையன் வந்து, "டாக்டர், பாவக்காயப் பாத்தா எனக்கு ஏப்பம் ஏப்பமா வருது" என்றான். இங்கே நான் சிரிக்க வேண்டும். போன தடவை மாதிரியே ஃபேன் பக்கம் திரும்பினேன்.

அப்பா ஒரு கையால் தலையைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையால் தொடையில் தட்டிக்கொண்டு நின்றார். முகத்தில் அப்படி ஒரு சிரிப்பு. நான் சொன்னதை அவர் அப்படியே மனதில் வைத்துக்கொண்டிருந்தார். அப்படி நின்றால்தான் எனக்கு நடிக்க வரும் என்று நினைத்துக்கொண்டார்.

அழுதுவிட்டேன். டைரக்டர் நிறுத்தச் சொன்னார். தண்ணீர் கொடுத்தார்கள், மறுபடி பவுடர் போட்டார்கள், பையன் மறுபடி ஏப்பம் விட்டான். மறுபடியும் அழுதேன். எத்தனை தடவை எடுத்தார்கள் என்று தெரியாது. அந்தப் பக்கம் பார்க்காமல் இருக்கவும் என்னால் முடியவில்லை.

கடைசியில் டைரக்டரே அப்பாவிடம் போனார். நல்ல மனிதர், மெதுவாகத்தான் சொன்னார். "சார், கொஞ்சம் வெளிய இருங்களேன். பொண்ணு உங்களப் பாத்துத்தான் அழுவுது."

அப்பா தலையிலிருந்து கையை எடுத்தார். ஆனால் நகரவில்லை. "இல்லீங்க, இது அவங்கம்மா நின்ன எடம்" என்றார்.

நோயாளியாக நடிக்க வந்திருந்த பிள்ளைகளில் கீபோர்டு தெரிந்த ஒரு பெண் இருந்தாள். கோட்டைக் கழற்றி அவளிடம் கொடுத்துவிட்டு, ஃபேன் பக்கத்தில் போய் அப்பாவோடு நின்றேன். அவள் வாசித்து முடித்ததும் எல்லோரையும் கைதட்டச் சொன்னார்கள். நாங்கள் இரண்டு பேரும் தட்டினோம்.